கிராமத்துக்குப் பிளாட்டோவைக் கொண்டுசென்ற அமைச்சர்

1946 ஆகஸ்ட் மாதம் துருக்கியில் புதிய அமைச்சரவை பொறுப்பேற்றபோது, அதில் ஒரு பெயர் விடுபட்டிருந்தது. ஏழரை ஆண்டுகளுக்கும் மேலாகக் கல்வி அமைச்சராக இருந்த ஹசன் அலி யூஜெல் அந்தப் பட்டியலில் இல்லை. அவர் தேர்தலில் தோற்கவில்லை. இஸ்மிர் தொகுதியில் மீண்டும் வென்றிருந்தார். அவருடைய மக்கள் குடியரசுக் கட்சியும் ஆட்சியை இழக்கவில்லை. ஊழல் குற்றச்சாட்டு ஏதும் அவர்மீது எழவில்லை. ஆயினும், பல கட்சிகள் போட்டியிட்ட முதல் தேர்தலைச் சந்தித்து முடித்த ஆளும் கட்சி, தன் தலையில் இருந்த சுமைகளில் முதலில் இறக்கி வைத்தது அவரைத்தான். அவரை வீழ்த்தியது எதிர்க்கட்சி என்று இன்றும் பலர் எண்ணுகின்றனர். அந்த எண்ணம் பாதி உண்மை மட்டுமே.

யூஜெல் கல்வி அமைச்சரானது 1938 டிசம்பர் 28 அன்று. குடியரசை நிறுவிய முஸ்தபா கமால் அத்தாதுர்க் மறைந்து ஏழு வாரங்களே ஆகியிருந்தன. அரபு எழுத்துகளை விட்டு லத்தீன் எழுத்துகளுக்கு நாடு மாறி பத்தாண்டுகள் கடந்திருந்தன. 1935 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி துருக்கியில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் ஐந்தில் ஒருவர். மக்களில் பெரும் பகுதியினர் வாழ்ந்த ஏறத்தாழ 40,000 கிராமங்களில் பெரும்பாலானவற்றில் பள்ளியே கிடையாது. நகரத்தில் பயிற்சி பெற்ற ஆசிரியர்களைக் கிராமங்களுக்கு அனுப்பினால், மின்சாரமும் சாலையும் இல்லாத அந்த ஊர்களில் அவர்கள் நிலைப்பதில்லை. புதிய எழுத்து வந்துவிட்டது. ஆனால், அதைக் கற்பிக்க ஆளில்லை. கற்றவர்களுக்கும் அந்த எழுத்தில் படிக்கப் போதிய நூல்கள் இல்லை. இந்த இரண்டு குறைகளையும் ஒரே நேரத்தில் தீர்க்க முயன்றதே யூஜெலின் அமைச்சர் வாழ்க்கை.

அவர் 1897 டிசம்பர் 17 அன்று இஸ்தான்புல்லில் பிறந்தார். தந்தை தபால் தந்தித் துறையில் ஆய்வாளர். தாய்வழிப் பாட்டனார் அலி பே, எர்துருல் என்ற உதுமானியப் போர்க்கப்பலின் தலைவர். நல்லெண்ணப் பயணமாக ஜப்பானுக்குச் சென்று திரும்பும் வழியில், 1890 செப்டம்பரில் அந்தக் கப்பல் புயலில் சிக்கிப் பாறையில் மோதி உடைந்தது. ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அலி பேயும் அவர்களுள் ஒருவர். பேரன் பிறந்தது அதற்கு ஏழு ஆண்டுகளுக்குப் பிறகு. மௌலானா ஜலாலுத்தீன் ரூமியின் வழிவந்த மெவ்லவி சூஃபி மரபோடு நெருக்கம் கொண்டிருந்த குடும்பம் அது. சிறுவன் ஹசன் அலி மெவ்லவி மடத்தின் இசையையும் பாரசீகக் கவிதையையும் கேட்டு வளர்ந்தான். பிற்காலத்தில் அவரை மதவிரோதி என்று தூற்றியவர்கள் இந்தப் பின்னணியை அறியவில்லை, அல்லது அறிய விரும்பவில்லை.

முதல் உலகப் போரில் அவர் இராணுவத்தில் பணியாற்றினார். போர் முடிந்ததும் இஸ்தான்புல் பல்கலைக்கழகத்தில் தத்துவம் பயின்று 1921-இல் பட்டம் பெற்றார். பின்னர் இஸ்மிரிலும் இஸ்தான்புல்லிலும் பள்ளி ஆசிரியர், அதன்பின் கல்வித் துறை ஆய்வாளர். 1930-இல் பிரான்ஸ் நாட்டின் கல்வி முறையை ஆராய பாரிஸ் அனுப்பப்பட்டார். அந்த ஆண்டின் இறுதியில் அத்தாதுர்க் நாடு முழுவதும் நீண்ட சுற்றுப்பயணம் மேற்கொண்டபோது, உடன் சென்ற குழுவில் யூஜெலும் இடம்பெற்றார். உலகப் பொருளாதார நெருக்கடி உழவர்களை வாட்டிய காலம் அது. தலைநகரில் அமர்ந்து எழுதப்பட்ட சீர்திருத்தங்கள் கிராமத்தின் எல்லையிலேயே நின்றுவிட்டதை அந்தப் பயணம் பலருக்கும் காட்டியது. 1934-இல் எல்லோரும் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ள வேண்டும் என்று சட்டம் வந்தபோது, உயர்வாயாக என்று பொருள்படும் யூஜெல் என்ற சொல்லை அவர் தேர்ந்துகொண்டார். மறு ஆண்டு நாடாளுமன்ற உறுப்பினரானார். இதற்கிடையில் கவிதைகளும், ஜெர்மானியக் கவிஞர் கோத்தேயைப் பற்றி ஒரு நூலும் எழுதியிருந்தார். ரூமியின் நாலடிக் கவிதைகளையும் மொழிபெயர்த்திருந்தார். கீழைக் கவிஞரையும் மேலைக் கவிஞரையும் ஒரே மேசையில் வைத்துப் படித்தவர் அவர்.

அமைச்சரான சில மாதங்களிலேயே, 1939 மே மாதம், அங்காராவில் பதிப்புத் துறை மாநாடு ஒன்றைக் கூட்டினார். எழுத்தாளர்கள், ஆசிரியர்கள், பதிப்பாளர்கள் எல்லாரும் ஒன்றுகூடி எந்த நூல்கள் துருக்கி மொழிக்கு வரவேண்டும் என்று பட்டியலிட்டனர். இத்தகைய மாநாடுகளின் தீர்மானங்கள் வழக்கமாகக் கோப்புகளுக்குள் உறங்கிவிடும். இங்கே அப்படி நடக்கவில்லை. 1940-இல் கல்வி அமைச்சகத்துக்குள்ளேயே மொழிபெயர்ப்பு அலுவலகம் அமைந்தது. விமர்சகர் நூருல்லா அதாச் அதன் தலைமையை ஏற்றார். மொழிபெயர்ப்புக்கென்றே ஓர் இதழும் தொடங்கப்பட்டது. சபாஹத்தின் எயுபோக்லு, அஸ்ரா எர்ஹாத், சில ஆண்டுகள் கழித்துக் கவிஞர் ஓர்ஹான் வெலி என்று அந்நாளின் சிறந்த இளைஞர்கள் பலரும் அந்த அலுவலகத்தில் வேலை பார்த்தனர்.

வெளியே உலகப் போர் நடந்துகொண்டிருந்தது. துருக்கி போரில் இறங்கவில்லை என்றாலும் பத்து இலட்சம் பேரளவிலான படையை எல்லைகளில் நிறுத்தியிருந்தது. ரொட்டிக்குப் பங்கீடு வந்துவிட்டது. அந்தக் காலத்தில்தான் பிளாட்டோவும் சோஃபோக்ளீஸும் மோலியேரும் ஷேக்ஸ்பியரும் பால்சாக்கும் தஸ்தயேவ்ஸ்கியும் குறைந்த விலையில் அச்சாகி வந்தனர். 1946 முடிவதற்குள் ஏறத்தாழ 500 நூல்கள் வந்துவிட்டன. மேற்கு நாட்டு நூல்கள் மட்டுமே வந்தன என்ற குற்றச்சாட்டு சரியன்று. ரூமியின் மஸ்னவி முழுவதும், சாதியின் குலிஸ்தானும் இதே வரிசையில் வெளிவந்தவைதாம். இஸ்லாமியக் கலைக்களஞ்சியத்தைத் துருக்கி மொழியில் விரிவாக்கி வெளியிடும் பெரும்பணியும் யூஜெல் காலத்தில்தான் தொடங்கியது. இருப்பினும் அவருடைய நோக்கத்தில் கிரேக்கத்துக்குத் தனி இடம் இருந்தது என்பதை மறுக்க இயலாது. ஐரோப்பாவின் சிந்தனை எந்த ஊற்றிலிருந்து பெருகியதோ, அந்த ஊற்றுக்கே போய் நீர் பருக வேண்டும் என்பது அவர் கருத்து. சில உயர்நிலைப் பள்ளிகளில் லத்தீன் மொழிகூடக் கற்பிக்கப்பட்டது.

இந்த நூல் வரிசையில் ஒரு நிகழ்வு அந்த அரசின் இரு முகங்களையும் காட்டுகிறது. டால்ஸ்டாயின் போரும் அமைதியும் நாவலை மொழிபெயர்த்த இருவரில் ஒருவர் கவிஞர் நாசிம் ஹிக்மத். அவர் அப்போது சிறையில் இருந்தார். இராணுவத்தினரைக் கிளர்ச்சிக்குத் தூண்டினார் என்று 1938-இல் குற்றம் சாட்டப்பட்டு நீண்ட தண்டனை பெற்றவர். நாவல் அரசின் வெளியீடாக வந்தது. ஹிக்மத்தின் பெயர் அதில் இல்லை. அதே அமைச்சரவைதான் 1942-இல் கொண்டுவந்த சொத்து வரியால் யூதர், கிரேக்கர், ஆர்மேனியர் ஆகிய சிறுபான்மையினரின் உடைமைகளைச் சூறையாடியது. வரி கட்ட இயலாதவர்களைத் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பியது. யூஜெல் அந்த அமைச்சரவையில் தொடர்ந்து அமர்ந்திருந்தார். அவரைப் போற்றி எழுதுவோர் பெரும்பாலும் இந்தப் பக்கத்தைப் புரட்டாமல் தாண்டிவிடுகின்றனர்.

நூல்கள் ஒருபுறம். ஆசிரியர்கள் மறுபுறம். அந்தப் பணியில் யூஜெலுக்கு வாய்த்த துணை இஸ்மாயில் ஹக்கி தொங்குச். இன்றைய பல்கேரியாவில் உள்ள ஒரு கிராமத்தில் உழவர் குடும்பத்தில் பிறந்தவர். தொடக்கக் கல்வித் துறையின் தலைமை இயக்குநராக 1935 முதல் இருந்தவர். யூஜெலுக்கு முன் அமைச்சராயிருந்த சஃபெத் அரிக்கான் காலத்திலேயே ஓர் எளிய முயற்சி தொடங்கியிருந்தது. இராணுவத்தில் எழுதப் படிக்கக் கற்றுத் திரும்பிய கிராமத்து இளைஞர்களுக்குச் சில மாதப் பயிற்சி கொடுத்துச் சொந்த ஊரிலேயே கற்பிக்க வைத்தனர். கிராமத்துக்கு ஆசிரியர் கிராமத்திலிருந்துதான் வரவேண்டும் என்பதை அந்த முயற்சி உறுதிப்படுத்தியது. அமெரிக்கக் கல்வியாளர் ஜான் டூயி 1924-இல் துருக்கிக்கு வந்து அளித்த அறிக்கையும், செய்து கற்றல் என்ற அவருடைய கொள்கையும் கல்வித் துறையில் விவாதிக்கப்பட்டு வந்தன.

1940 ஏப்ரல் 17 அன்று கிராமக் கல்வி நிலையங்களுக்கான சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. எதிர்த்து ஒரு வாக்கும் விழவில்லை. ஆனால், உறுப்பினர்களில் பெரும் எண்ணிக்கையினர் அன்று அவைக்கு வரவே இல்லை. கட்சி ஒன்றே இருந்த நாட்டில் எதிர்ப்பைக் காட்ட அவர்களுக்குத் தெரிந்த வழி அது. பிற்காலத்தில் நடந்தவற்றை நோக்கினால், அந்தக் காலி இருக்கைகளை யூஜெல் இன்னும் கூர்ந்து கவனித்திருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

திட்டத்தின்படி, கிராமத்தில் ஐந்தாண்டுத் தொடக்கக் கல்வி முடித்த சிறுவர் சிறுமியர் தேர்ந்தெடுக்கப்பட்டு ஐந்தாண்டு உறைவிடக் கல்வி பெற்றனர். நகரங்களிலிருந்து விலகி, ஆனால் இரயில் பாதைக்கு அருகே நிலையங்கள் அமைந்தன. நாட்டின் பல பகுதிகளில் மொத்தம் 21 நிலையங்கள் உருவாயின. பல இடங்களில் முதலில் வந்த மாணவர்கள் கூடாரங்களில் தங்கி, தங்கள் வகுப்பறையைத் தாங்களே கட்டினர். நேரத்தில் பாதி மொழி, வரலாறு, கணக்கு, அறிவியல் முதலிய பாடங்களுக்கு. கால் பங்கு வேளாண்மைக்கு. மீதிக் கால் பங்கு தச்சு, கொல்லு, கட்டுமானம், நெசவு முதலிய தொழில்களுக்கு. ஒவ்வொருவரும் ஓர் இசைக்கருவியைக் கற்கவேண்டும். கண்பார்வையற்ற நாட்டுப்புறக் கவிஞர் ஆஷிக் வெய்செல் சில நிலையங்களில் சாஸ் என்ற நரம்பிசைக் கருவியைக் கற்பித்தார். அமைச்சகத்தின் மொழிபெயர்ப்பு நூல்கள் இந்த நிலையங்களின் நூலகங்களுக்கு வந்து சேர்ந்தன. காலையில் வயலில் உழுத பிள்ளைகள் மாலையில் சோஃபோக்ளீஸைப் படித்தனர். மோலியேரின் நாடகங்களை மேடையேற்றினர். யூஜெலின் இரு திட்டங்களும் ஒன்றோடொன்று கைகோத்த இடம் இதுதான். வார இறுதிக் கூட்டங்களில் மாணவர்கள் ஆசிரியர்களையும் நிர்வாகத்தையும் வெளிப்படையாக விமர்சிக்கலாம் என்ற வழக்கமும் இருந்தது. ஒற்றைக் கட்சி ஆட்சியில், நாட்டின் நாடாளுமன்றத்தில்கூட இல்லாத உரிமை அது.

அங்காராவுக்கு அருகில் ஹசனோக்லான் என்ற ஊரில் நிலைய ஆசிரியர்களை உருவாக்க உயர்நிலைக் கல்வி நிலையம் ஒன்று 1942-இல் தொடங்கப்பட்டது. தலைநகரின் கலைஞர்களும் பேராசிரியர்களும் அங்கே வந்து பாடம் நடத்தினர். கிராமத்துப் பிள்ளைகள் மேடையில் கிரேக்க நாடகம் நடிப்பதைக் காண அங்காராவின் மேட்டுக்குடியினர் இரயிலேறி வந்தனர். அவர்களில் சிலர் மகிழ்ந்தனர். சிலருக்கு அடிவயிற்றில் அச்சம் தோன்றியது.

எனினும், இந்தத் திட்டத்தின் விலையையும் கிராமமே கொடுத்தது. நிலையத்தில் படித்து வெளிவந்த ஆசிரியர் 20 ஆண்டுகள் கிராமத்தில் பணியாற்றியே தீரவேண்டும். மாதச் சம்பளம் 20 லிரா. மீதித் தேவைக்கு நிலமும் கருவிகளும் கொடுக்கப்பட்டன, உழுது பிழைக்கலாம். 1942-இல் வந்த மற்றொரு சட்டம், பள்ளிக் கட்டடம் எழுப்ப ஊரில் வயதுவந்தோர் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு 20 நாள் வரை உடலுழைப்புத் தரவேண்டும் என்றது. மகன்களைப் படைக்கும் தானியத்தை அரசுக்கும் கொடுத்துவிட்டு நின்ற உழவரிடம் இன்னும் 20 நாள் கேட்டது அரசு. நகரத்துப் பள்ளியைக் கருவூலம் கட்டித் தந்தது; கிராமத்துப் பள்ளியைக் கிராமத்தான் தன் தோளில் கட்டினான். இந்த அநீதியைச் சுட்டிக்காட்டியவர்கள் எல்லாரையும் பிற்போக்காளர் என்று ஒதுக்கிவிட முடியாது. பள்ளி வேண்டும் என்று கேட்ட உழவர்களும் அந்த 20 நாளை வெறுத்தனர். அந்த வெறுப்பு 1946-இல் வாக்குச்சீட்டைத் தேடியது.

நிலவுடைமையாளர்களின் எதிர்ப்பு வேறு வகை. கணக்கு தெரிந்த, சட்டம் தெரிந்த, உழவரின் பிள்ளையாகிய ஆசிரியர் ஊருக்குள் வந்தால் தங்கள் பிடி தளரும் என்று அவர்கள் சரியாகவே கணித்தனர். ஆணும் பெண்ணும் ஒரே நிலையத்தில் தங்கிப் படித்ததை வைத்து வதந்திகள் கிளப்பப்பட்டன. மாணவிகள் பத்தில் ஒருவருக்கும் குறைவு என்ற போதிலும், அந்தச் சிலரே வதந்திக்குப் போதுமானவர்களாக இருந்தனர்.

1944-இல் தாக்குதல் நேரடியாக வந்தது. தீவிர இனவாத எழுத்தாளர் நிஹால் அத்ஸிஸ் தலைமை அமைச்சருக்குப் பகிரங்கக் கடிதங்கள் எழுதினார். கல்வித் துறைக்குள் கம்யூனிஸ்டுகள் புகுந்திருப்பதாகவும், அமைச்சர் பதவி விலகவேண்டும் என்றும் அவற்றில் குறிப்பிட்டார். பெயர் சொல்லப்பட்டவர்களுள் ஒருவர் நாவலாசிரியர் சபாஹத்தின் அலி. அரசு இசை நாடகக் கல்லூரியில் பணியாற்றியவர். அவர் அவதூறு வழக்குத் தொடுக்க, மே 3 அன்று விசாரணை நடந்தபோது அங்காராவின் வீதிகளில் இனவாத மாணவர்கள் திரண்டனர். ஜெர்மனி போரில் பின்வாங்கிக்கொண்டிருந்த நேரம் அது. அரசு இனவாதிகளின்மீதே நடவடிக்கை எடுத்தது. யூஜெல் அப்போதைக்குத் தப்பினார். ஆனால், கம்யூனிஸ்டுகளின் காவலர் என்ற பட்டம் அவர்மீது ஒட்டிக்கொண்டது.

போர் முடிந்ததும் காற்று திசை மாறியது. 1945 நவம்பரில் யுனெஸ்கோவை நிறுவ இலண்டனில் கூடிய மாநாட்டில் துருக்கிக் குழுவுக்கு யூஜெல் தலைமை தாங்கினார். 1946 ஜூன் மாதம் பல்கலைக்கழகங்களுக்குத் தன்னாட்சி வழங்கும் சட்டத்தை நிறைவேற்றினார். அங்காரா பல்கலைக்கழகம் அந்த ஆண்டு முறையாக உருவானது. அமைச்சராக அவர் செய்த கடைசிப் பெரிய காரியம் இது. சோவியத் ஒன்றியம் துருக்கியின் கிழக்கு எல்லைகளையும் நீரிணைகளையும் குறித்து உரிமை கோரத் தொடங்கியிருந்தது. நாடு அமெரிக்காவை நோக்கி நகர்ந்தது. கம்யூனிஸ்ட் என்ற சொல்லைவிடக் கொடிய வசை அப்போது துருக்கியில் இல்லை.

1946 ஜூலை தேர்தலில், வெளிப்படையாக வாக்களித்து இரகசியமாக எண்ணும் விசித்திரமான முறையில் மக்கள் குடியரசுக் கட்சி வென்றது. வென்றும் அஞ்சியது. யூஜெலின் இடத்துக்கு ரெஷாத் ஷெம்செத்தின் சிரெர் வந்தார். தொங்குச் பதவியிலிருந்து அகற்றப்பட்டார். 1947-இல் ஹசனோக்லான் உயர்நிலை நிலையம் மூடப்பட்டது. மாணவர்களின் விமர்சனக் கூட்டங்கள் நின்றன. நூலகங்களிலிருந்து சில நூல்கள் விலக்கப்பட்டன. மொழிபெயர்ப்பு அலுவலகத்திலிருந்து ஓர்ஹான் வெலி விலகிச் சென்றார். இவையெல்லாம் எதிர்க்கட்சியின் கையால் நடந்தவை அல்ல. இந்தத் திட்டத்தைத் தம் பிள்ளைபோல் பேணிய அதிபர் இஸ்மத் இனோனு அப்போதும் அதிபராகவே இருந்தார், தடுக்கவில்லை. மேலிருந்து கொடுக்கப்பட்டதை மேலிருந்தே எடுத்துக்கொண்டனர். கிராமத்தாரை அப்போது யாரும் கேட்கவில்லை, 1940-இல் கேட்காததைப் போலவே.

1947-இல் ஜனநாயகக் கட்சியின் இஸ்தான்புல் தலைவர் கெனான் ஒனெர், யூஜெல் கம்யூனிஸ்டுகளைப் பாதுகாத்தார் என்று செய்தித்தாளில் குற்றம்சாட்டினார். யூஜெல் நீதிமன்றம் சென்றார். அவதூறு தொடுத்தவரின்மேல் நடக்கவேண்டிய விசாரணை, முன்னாள் அமைச்சரின் நூல்கள், நியமனங்கள், நண்பர்கள் எல்லாவற்றின்மீதும் நடந்த விசாரணையாக மாறியது. சொந்தக் கட்சி அவருக்குத் துணைநிற்கவில்லை. ஒனெர் விடுவிக்கப்பட்டார். என் வழக்கு என்று பொருள்படும் தலைப்பில் யூஜெல் தம் தரப்பை நூலாக வெளியிட்டார். மறு ஆண்டு சபாஹத்தின் அலி, நாட்டைவிட்டு வெளியேற முயன்றபோது பல்கேரிய எல்லையருகே கொல்லப்பட்டார்.

1950-இல் ஜனநாயகக் கட்சி ஆட்சியைப் பிடித்தது. யூஜெல் அரசியலை விட்டே விலகினார். பிறகு செய்தித்தாள்களுக்குக் கட்டுரை எழுதினார். சைப்ரஸையும் இங்கிலாந்தையும் பற்றிப் பயண நூல்கள் எழுதினார். 1956-இல் ஈஷ் வங்கி ஒரு பதிப்பகம் தொடங்கியபோது அதை அமைத்து நடத்தும் பொறுப்பை ஏற்றார். அமைச்சர் பதவியில் விட்ட இடத்திலிருந்து நூல் வெளியீட்டை மீண்டும் தொடங்கினார் என்றே சொல்லலாம். கிராமக் கல்வி நிலையங்கள் 1954-இல் சாதாரண ஆசிரியர் பள்ளிகளோடு இணைக்கப்பட்டு மறைந்தன. இஸ்மிர் அருகே கிசில்சுல்லுவில் இருந்த நிலையத்தின் வளாகம் அதற்கு முன்பே நேட்டோவின் பயன்பாட்டுக்குப் போய்விட்டது.

நிலையங்கள் மறைந்தாலும் அவற்றில் படித்த ஏறத்தாழ 17,000 பேர் ஊர்களில் இருந்தனர். அவர்களில் ஒருவரான மஹ்முத் மகால், தாம் பணியாற்றிய கிராமத்தின் பசியையும் குளிரையும் அறியாமையையும் அப்படியே எழுதி, எங்கள் கிராமம் என்ற பொருள்படும் தலைப்பில் 1950-இல் வெளியிட்டார். அப்போது அவருக்கு வயது இருபது. நாடு அதிர்ந்தது, அவர் கைது செய்யப்பட்டார், பின் விடுவிக்கப்பட்டார். ஃபகிர் பாய்குர்த், தாலிப் அபாய்தின் என்று மேலும் பலர் வந்தனர். அதுவரை நகரத்து எழுத்தாளர்களின் பரிவுக்குரிய பொருளாயிருந்த துருக்கிக் கிராமம், அதன்பிறகு தானே பேனா பிடித்தது. சோஃபோக்ளீஸ் படித்த பிள்ளைகள் கிரேக்க நாயகர்களைப் பற்றி எழுதவில்லை. தங்கள் ஊரின் தண்ணீர்த் தகராற்றை எழுதினர்.

தொங்குச் 1960-இல் காலமானார். யூஜெல் 1961 பிப்ரவரி 26 அன்று இஸ்தான்புல்லில் மறைந்தார். அப்போது அவருக்கு வயது 63. அவர் பிறந்த நூற்றாண்டான 1997-ஐ யுனெஸ்கோ உலக அளவில் நினைவுகூர்ந்தது. அவர் அமைத்த பதிப்பகம் 2006 முதல் உலக இலக்கியங்களை ஹசன் அலி யூஜெல் செவ்வியல் வரிசை என்ற பெயரில் வெளியிட்டு வருகிறது.

அவருடைய மகன் ஜான் யூஜெல் அங்காராவிலும் கேம்பிரிட்ஜிலும் லத்தீனும் கிரேக்கமும் கற்றவர். துருக்கியின் பெருங்கவிஞர்களுள் ஒருவரானவர். தந்தையைப் பற்றி அவர் எழுதிய கவிதையைத் துருக்கியில் பள்ளிப் பிள்ளைகளும் மனப்பாடமாகச் சொல்வர். மகனும் மொழிபெயர்ப்பாளரே. 1971-இல் இராணுவம் அரசியலில் தலையிட்ட பின், சே குவேராவையும் மாவோவையும் மொழிபெயர்த்த குற்றத்துக்காக அவருக்குச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. 1974-இல் பொது மன்னிப்பு வந்தபோதுதான் அவர் வெளியே வந்தார்.